பாட்டில் சத்தமில்லாம இருந்தா எட்டிப் பாக்காதீங்க

கேள்வி:

மேடம், என் பொண்ணுக்கு 10 வயசு, பையனுக்கு 6. பொண்ணுக்கு சயின்ஸ் எக்ஸ்பெரிமென்ட்னா பைத்தியம், யூடியூப்ல பாத்துட்டு ஏதாவது ஒண்ணு பண்ணிட்டே இருப்பா. போன வாரம் ஒரு பிளாஸ்டிக் பாட்டில்ல வினிகர் ஊத்தி, பேக்கிங் சோடாவ டிஷ்யூ பேப்பர்ல சுத்தி உள்ள போட்டு, கார்க்க அழுத்தி மூடிட்டா, ராக்கெட் மாதிரி பறக்கும்னு. கொஞ்ச நேரம் ஒண்ணுமே நடக்கல. என்னாச்சுன்னு குனிஞ்சு பாத்திருக்கா, கார்க் பிச்சுக்கிட்டு வந்து கண்ணுக்கு கீழ கன்னத்துல அடிச்சு வீங்கிடுச்சு. கண்ணுக்கு ஒண்ணும் ஆகல. ஆனா அன்னைலேருந்து மாமியார் இந்த வீட்ல இனிமே எக்ஸ்பெரிமென்ட்ங்கிற பேச்சே கூடாதுன்னுட்டாங்க, வீட்டுக்காரர் வீடியோ பாக்கட்டும் அது போதும்ங்கிறார். பொண்ணு மூஞ்ச தூக்கி வச்சுக்கிட்டு இருக்கா. எத பண்ண விடலாம், எத விடக்கூடாது? நான் சயின்ஸ் படிச்சவ இல்ல.

பதில்:

வணக்கம்மா. கண்ணுக்கு ஒண்ணும் ஆகலன்னு எழுதியிருக்கீங்களே, அது டாக்டர் பாத்து சொன்னதா நீங்களா பாத்து சொன்னதா? நீங்களா பாத்ததுன்னா இத படிச்சு முடிக்கிறதுக்கு முன்னாடி ஒரு கண் டாக்டர்கிட்ட அப்பாயின்மென்ட் போட்டுடுங்க. கண்ணுகிட்ட வேகமா அடி விழுந்தா வெளிய பாக்க எல்லாம் நல்லா இருக்கும், உள்ள ரத்தம் கசிஞ்சிருக்கலாம், விழித்திரைல சின்ன கிழிசல் இருக்கலாம். மின்னல் வெட்டுற மாதிரி தெரியுது, கறுப்பு புள்ளி மிதக்குது, மங்கலா இருக்குன்னு அவ சொன்னா அப்பாயின்மென்ட் எல்லாம் இல்ல, உடனே கெளம்பணும்.

சரி, இப்ப கேள்விக்கு வரேன். நான் 20 வருஷத்துக்கு மேல பசங்களோட கெமிஸ்ட்ரி லேப்ல நிக்கிறவ. உங்க லெட்டர்ல எனக்கு பட்டுன்னு கண்ல பட்டது கார்க்கோ வினிகரோ இல்ல, "கொஞ்ச நேரம் ஒண்ணுமே நடக்கல"ங்கிற அந்த ஒரு வரிதான். லேப்ல நான் பாத்த அடி, சூடு, காயத்துல பாதிக்கு மேல அந்த நேரத்துலதான் நடந்திருக்கு. பொங்கும்போது, பொறி பறக்கும்போது எந்தப் பிள்ளையும் மூஞ்சிய கிட்ட கொண்டு போகாது, தானா பின்னாடி போயிடும். ஒண்ணும் நடக்காதப்பதான் குனிஞ்சு பாக்கும். எனக்கே அப்படித்தான் கை வெந்துச்சு, டீச்சரா சேந்த புதுசு, கண்ணாடி குழாய பர்னர்ல வளைச்சு ஓரமா வச்சுட்டு ஒரு பையனுக்கு பதில் சொல்லிட்டு திரும்பி அதையே கைல எடுத்தேன். சூடான கண்ணாடியும் ஆறின கண்ணாடியும் பாக்க ஒரே மாதிரிதான் இருக்கும், இது எனக்கு தெரியாதா என்ன, முதல் நாள் கிளாஸ்ல நானே சொன்னதுதான். ரெண்டு விரல்ல கொப்புளம். பசங்க முன்னாடி கத்தவும் முடியல.

உங்க வீட்டு பாட்டில் உள்ள என்ன நடந்துச்சுன்னு பாப்போம், இத பொண்ணோட உக்காந்து பேசுங்க, அவளுக்கு புரியும். ஒரு டீஸ்பூன் பேக்கிங் சோடா சுமாரா 5 கிராம். அது முழுசா வினையாகணும்னா வீட்டு வினிகர் ஒரு 70 மில்லி வேணும். ரெண்டும் சேந்தா வர்ற கார்பன் டை ஆக்சைடு எவ்வளவு தெரியுமா, கிட்டத்தட்ட 1.4 லிட்டர். அரை லிட்டர் பாட்டில்ல வினிகர் போக மிச்சம் இருக்குற இடமே 430 மில்லிதான். அந்த இடத்துல ஏற்கனவே காத்து வேற இருக்கு. கொஞ்சம் கேஸ் வினிகர்லயே கரைஞ்சாலும் மிச்சத்த அதுக்குள்ள அடைச்சா வெளிக்காத்த விட மூணு நாலு மடங்கு அழுத்தம் வரும், கார்க் அவ்வளவு தூரம் எல்லாம் தாங்காது, பாதியிலயே பிச்சுக்கும். அப்புறம் ஏன் முதல்ல சும்மா இருந்துச்சு? டிஷ்யூ பேப்பர் நனைஞ்சு பிரிஞ்சு சோடா வெளிய வர கொஞ்ச நேரம் ஆகும், வந்தப்புறமும் கார்க் இறுக்கமா புடிச்சிட்டு இருக்குற வரைக்கும் வெளிய ஒண்ணும் தெரியாது. அவ குனிஞ்ச நேரத்துல பாட்டில் சும்மா இல்ல, உள்ள ஏறிட்டே இருந்துச்சு. இத அவகிட்ட திட்டா சொல்லாதீங்க, ஒரு துப்பறியுற கதை மாதிரி சொல்லுங்க, அந்த டிஷ்யூதான் வில்லன்னு அவளே கண்டுபிடிக்கட்டும்.

இப்ப அதே எக்ஸ்பெரிமென்ட, அதே சோடா அதே வினிகர், கார்க்குக்கு பதிலா பலூன போட்டு பண்ணுங்க. பலூனுக்குள்ள புனல் வச்சு சோடாவ போட்டு, வாய பாட்டில் கழுத்துல மாட்டி, பலூன நிமித்தினா சோடா கீழ கொட்டும், பலூன் ஊதும். மூணு பாட்டில், மூணுலயும் 70 மில்லி வினிகர். முதல் பலூன்ல அரை டீஸ்பூன் சோடா, ரெண்டாவதுல ஒண்ணு, மூணாவதுல ரெண்டு. ஊதி முடிச்சதும் ஒரு நூல சுத்தி பலூனோட சுற்றளவ அளந்து நோட்ல எழுதணும். ஒரு டீஸ்பூன் பலூன் கணக்குப்படி 14 சென்டிமீட்டர் விட்டத்துக்கு வரணும், நிஜத்துல கொஞ்சம் கம்மியா வரும். அளக்கிறதுக்கு முன்னாடி, மூணாவது பலூன் எவ்வளவு பெருசா வரும்னு அவள ஒரு நம்பர் எழுத சொல்லுங்க. ரெண்டு மடங்குன்னு எழுதுவா, பாருங்களேன். ரெண்டாவத விட மூணாவது பெருசா வராது, ஏன்னு நான் இங்க எழுத மாட்டேன், நீங்களும் பட்டுன்னு சொல்லிடாதீங்க. அப்படியே பாட்டில தொட்டும் பாக்க சொல்லுங்க, சில்லுனு இருக்கும். வினைன்னா சூடாகும்னு நினைச்சிட்டு இருக்குற பிள்ளைக்கு அது ஒரு பெரிய அதிர்ச்சி.

கார்க் பறக்குறதுல இருக்குற குஷி இதுல இருக்குமான்னு கேப்பீங்க. கார்க் ஒரு நிமிஷ குஷி, ரெண்டு தடவ பண்ணா சலிச்சிடும், அப்புறம் இன்னும் பெருசா வேணும்னு தோணும். அடிபடுறதும் அங்கதான், நாலு ஸ்பூன், ஆறு ஸ்பூன்னு ஏத்திட்டே போவாங்க. தான் எழுதின நம்பர் தப்பா போறது இருக்கு பாருங்க, அது சலிக்காது, ராத்திரி தூங்கப் போறப்பவும் மண்டைக்குள்ள ஓடும். நான் பாத்தவரைக்கும் பிள்ளைங்களுக்கு வேண்டியது சத்தம் இல்ல, தன் கையால எதையோ மாத்தி அது மாறுறத பாக்கணும். அளவ குறைச்சா அது ஒண்ணும் குறையாது. அதனால எத விடலாம்னு நீங்க ஒரு லிஸ்ட் கேட்டாலும் நான் லிஸ்ட்டா குடுக்க போறதில்ல. வீடியோல பாத்ததையே கொஞ்சமா, மூடாம, தள்ளி நின்னு பண்ண முடியுமான்னு பாருங்க, முடிஞ்சா பண்ணலாம். அளவ குறைச்சா அந்த வித்தையே இல்லாம போயிடும்னா அது வீட்டுக்கு இல்ல.

உதாரணத்துக்கு நுரை பொங்குற எக்ஸ்பெரிமென்ட் ஒண்ணு, யானை டூத்பேஸ்ட்ம்பாங்க, வீடியோல கூரை வரைக்கும் பீச்சி அடிக்கும். அது ஹைட்ரஜன் பெராக்சைடு 30 சதவீதம், அதுல ஒரு சொட்டு தோல்ல பட்டாலும் வெளுத்து எரியும், வினையில வர்ற நீராவியும் சுடும். மருந்துக்கடைல காயத்துக்கு குடுக்குற 3 சதவீதத்துலயும் அதே வித்தை வரும். கொஞ்சம் சோப்பு, வெதுவெது தண்ணில கரைச்ச ஈஸ்ட். ஈஸ்ட்ல கேட்டலேஸ்னு ஒரு என்சைம் இருக்கு, அதுதான் பெராக்சைட தண்ணியாவும் ஆக்சிஜனாவும் பிரிக்குது. 100 மில்லி 3 சதவீத பெராக்சைடுலேருந்து ஒரு லிட்டர் ஆக்சிஜன் வரும். நுரை மெதுவா, சோம்பேறித்தனமா ஏறி வழியும், அந்த மெதுவுதான் நல்லது, ஏறுறப்பவே உக்காந்து பாக்கலாம். கண்ல மட்டும் தெறிக்கக்கூடாது, கண்ணாடி போட்டுக்கணும், நுரைய வாய்ல வைக்க விடாதீங்க.

நெருப்பு விஷயத்துக்கு வரேன், இங்கதான் நான் கொஞ்சம் கண்டிப்பு. மெழுகுவத்தி போதும், அதுக்கு மேல வீட்ல வேணாம். மெழுகுவத்தின்னா லேசா நினைக்காதீங்க, மைக்கேல் ஃபாரடேங்கிற விஞ்ஞானி லண்டன் ராயல் இன்ஸ்டிடியூஷன்ல 1860 கிறிஸ்துமஸ் சமயம் சின்னப் பிள்ளைங்களுக்குன்னு ஒரு மெழுகுவத்திய மட்டும் வச்சு ஆறு லெக்சர் எடுத்தார். அதுல ஒண்ணு இன்னைக்கும் என் பசங்க வாயப் பொளக்குற வித்தை: எரியுற மெழுகுவத்திய ஊதி அணைச்சா திரியிலேருந்து வெள்ளையா ஒரு புகை நூலு மாதிரி எழும்பும், அந்த நூல்ல ஒரு தீக்குச்சிய காட்டினா, திரிய தொடவே வேண்டாம், ரெண்டு மூணு சென்டிமீட்டர் மேல இருந்தே தீ புகை வழியா கீழ குதிச்சு திரிய பத்தவைக்கும். எரியுறது திரியும் இல்ல உருகின மெழுகும் இல்ல, மெழுகோட ஆவி. ஃபேன நிறுத்திடுங்க, மெழுகுவத்திய மணல் போட்ட தட்டுல நட்டு வைங்க, முடிய கட்டிக்கணும், தொளதொள சட்டை கூடாது, தீக்குச்சி உங்க கைல. கைல சானிடைசர் தடவின சூட்டோட தீக்குச்சி பக்கமே போகக்கூடாது.

தீ குதிக்கிறத அவ பாத்துட்டான்னா அதையே வச்சு இன்னொண்ணு சொல்லுங்க. ரெயின்போ ஃப்ளேம்னு வீடியோ பாத்திருப்பா, தட்டுல வேற வேற உப்பு, மேல மெத்தனால், பத்தவச்சா பச்சை, சிவப்பு, ஊதான்னு கலர் கலரா எரியும். பாக்க அவ்வளவு அழகு. மெத்தனால் தீ வெளிச்சத்துல கண்ணுக்கே தெரியாது, அணைஞ்சிருச்சு போலன்னு நினைச்சு பாட்டில்லேருந்து இன்னும் கொஞ்சம் ஊத்துவாங்க. மெழுகுப் புகைல தீ குதிச்ச மாதிரியே மெத்தனால் ஆவில ஏறி பாட்டிலுக்குள்ள போயிடும், பாட்டில் வாய் எந்தப் பக்கம் இருக்கோ அந்தப் பக்கம் தீய பீச்சும். 2014 செப்டம்பர்ல அமெரிக்காவோட நெவாடா மாநிலத்துல ஒரு சயின்ஸ் மியூசியத்துல மெத்தனால் வச்சு காட்டின நெருப்பு வித்தைல இப்படி ஆகி 13 பேருக்கு காயம், நிறைய பேர் வேடிக்கை பாக்க வந்த பிள்ளைங்க. அதே மாசம் அமெரிக்காலயே டென்வர் நகரத்துல ஒரு ஸ்கூல் லேப்லயும் பசங்க வெந்தாங்க. காட்டினவங்க பழக்கம் இல்லாத ஆளுங்க இல்ல, அந்த வேலைல இருந்தவங்கதான். எங்க லேப்ல அந்த கலர காட்டுறதுக்கு மரக்குச்சிய ராத்திரி முழுக்க அந்தந்த உப்பு கரைச்ச தண்ணில ஊற வச்சு பர்னர் தீல காட்டுறோம், மெத்தனால் ஒரு சொட்டு கிடையாது, கலர் அதேதான்.

உங்க பொண்ணு பாட்டில்கிட்ட குனிஞ்சதும் மெத்தனால் வித்தை காட்டுறவங்க மறுபடி ஊத்தினதும் நான் கண்ணாடி குழாய எடுத்ததும் ஒரே ஜாதி தப்புன்னு பாத்தீங்களா, எதுவும் தெரியலன்னா எதுவும் நடக்கலன்னு அர்த்தம் பண்ணிக்கிட்டது. அதனால வீட்ல நீங்க ஒரே ஒரு சட்டம் போட்டா போதும்: எதிர்பாத்தது நடக்கலன்னா யாரும் கிட்ட போகக்கூடாது. பத்து நிமிஷம் டைமர். அப்புறம் பெரியவங்க கண்ணாடி போட்டுக்கிட்டு பக்கவாட்டுல போய் பாக்கணும், மேலேருந்து இல்ல. அந்த பத்து நிமிஷம் சும்மா உக்காரணும்னு இல்ல, உள்ள என்ன ஓடிட்டு இருக்கும்னு அவ ஊகிச்சு எழுதட்டும். என் பசங்க இந்த காத்திருக்குற நேரத்துல எழுதுறதுதான் நோட்லயே சுவாரசியமான பக்கம், நான் மார்க் போடும்போது முதல்ல அதத்தான் புரட்டுவேன்.

இன்னொண்ணு, ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி "இதுல என்ன தப்பா போகும்"னு கேளுங்க. நீங்க சொல்லக்கூடாது, அவதான் சொல்லணும், மூணாவது சொன்னாதான் பொருளெல்லாம் கைல குடுப்பீங்க. முதல் ரெண்டு பதில் உங்கள குஷிப்படுத்த சொல்ற பதிலா இருக்கும், ஜாக்கிரதையா பண்ணுவேன்மா, கைய கழுவுவேன்மா. மூணாவதுல யோசிக்க ஆரம்பிப்பா, பலூன் கழண்டுட்டா வினிகர் மூஞ்சில அடிக்கும்னு வரும். வந்ததும் அதுக்கு என்ன பண்ணலாம்னு அவளே ஒரு ரப்பர் பேண்ட் எடுத்துட்டு வருவா. நீங்க சயின்ஸ் படிக்கலன்னு கவலைப்பட்டீங்களே, இந்த கேள்விய கேக்க டிகிரி வேண்டாம், பதில் தெரியாத அம்மா கேட்டா இன்னும் நல்லாவே வேலை செய்யும், ஏன்னா நிஜமாவே தெரியாமதான கேக்குறீங்க.

வீட்டுக்காரர் சொல்ற மாதிரி வீடியோ மட்டும்னு விட்டா அதுவும் பாதுகாப்பு இல்ல. வீடியோல பத்து தடவ சொதப்பினத வெட்டிட்டு பதினொண்ணாவத போடுவாங்க, காமெராவுக்கு பின்னாடி தீயணைப்பான் வச்சிருந்தாங்களா, எவ்வளவு தள்ளி நின்னாங்க எதுவும் தெரியாது. பாத்து பாத்து ஆசைய மட்டும் வளத்துட்டு ஒரு நாள் நீங்க இல்லாதப்ப பண்ணுவா. வீடியோவ அவரே அவளோட உக்காந்து பாக்கட்டும், நடுவுல நிறுத்தி இவங்க இங்க எத காட்டலன்னு கேக்கட்டும். அவருக்கும் ஒரு வேலை ஆச்சு.

அறவே வேண்டாம்னு நான் சொல்றது சிலது இருக்கு, அதுல பேரமே கிடையாது. பாத்ரூம் கழுவுற ஆசிடையும் ப்ளீச்சையும் கலக்குறது, குளோரின் கேஸ் வரும், மூடின ரூம்ல நுரையீரல கெடுத்துடும், சுத்தம் பண்ற எந்த ரெண்டு திரவத்தையும் எக்ஸ்பெரிமென்ட்டுக்குன்னு சேக்கவே கூடாது. டிரை ஐஸ, அதாவது கட்டியா உறைஞ்ச கார்பன் டை ஆக்சைட, மூடி போட்ட பாட்டில்ல போடுறது, மைனஸ் 78 டிகிரி பொருள், ஒரு கிலோ கரைஞ்சு காத்தாகும்போது 500 லிட்டருக்கு மேல கேஸ், எந்த மூடியும் நிக்காது, எப்ப வெடிக்கும்னும் சொல்ல முடியாது. சுவத்து பிளக்லேருந்து கரன்ட் எடுத்து பண்ற எதுவும் கூடாது, பேட்டரில பண்ணட்டும். பழைய மைக்ரோவேவ்ல இருக்குற டிரான்ஸ்ஃபார்மர கழட்டி மரப்பலகைல மின்னல் மாதிரி கோலம் எரிக்கிற வீடியோ சுத்துது, அதுல 2000 வோல்ட் வரும், அத பண்ணி செத்தவங்க இருக்காங்க, பெரியவங்களே. லென்ஸ், பைனாகுலர் வழியா சூரியன பாக்குறதும் இதுல சேத்தி.

பையனுக்கு 6 வயசுன்னீங்க, உண்மைய சொன்னா எனக்கு அக்காவ விட அவன நினைச்சாதான் பக்குங்குது. அவ பண்றத எல்லாம் அவன் ஒரு மணி நேரம் கழிச்சு தனியா பண்ணுவான். பட்டன் பேட்டரிய முழுங்கிட்டா உணவுக்குழாய்ல மாட்டி ரெண்டு மணி நேரத்துக்குள்ள புண்ணாக்கிடும், இதுவும் சத்தமில்லாத ஜாதிதான், முதல்ல வெறும் எச்சில் வடியும், சாப்பிட மாட்டான், அவ்வளவுதான் தெரியும், முழுங்கினானோன்னு சந்தேகம் வந்தாலே ஆஸ்பத்திரிக்கு ஓடணும். குட்டி குட்டி பவர்ஃபுல் மேக்னட் ரெண்டு முழுங்கினா குடலுக்கு குறுக்க ஒண்ண ஒண்ணு இழுத்து நடுவுல மாட்டின சதைய ஓட்டை போட்டுடும். இது ரெண்டும் வீட்டு எக்ஸ்பெரிமென்ட் டப்பாவுல இருக்கவே கூடாது. பலூனும் ஊதாம கெடந்தா, வெடிச்ச துண்டா கெடந்தா தொண்டைல அடைச்சுக்கும், முடிஞ்சதும் எண்ணி எடுத்து வைங்க. அவனுக்கு ஒரு வேலையும் குடுங்க, டைமர் அவன் கைல, "நிறுத்து"ன்னு கத்துற அதிகாரமும் அவனுக்கு. அவன் கத்தினா அக்கா கைய எடுத்துடணும், எதுக்குன்னு அப்புறம் கேட்டுக்கலாம். முதல் நாள் முப்பது தடவ கத்துவான், பொறுத்துக்கோங்க.

சாமான்னு பெருசா எதுவும் வேண்டாம், கண்ண சுத்தி பக்கவாட்டும் மூடுற சேஃப்டி கண்ணாடி ஆளுக்கு ஒண்ணு, பவர் கண்ணாடி அதுக்கு பதிலாகாது, பக்கத்துல இடைவெளி இருக்கும். குழாய் பக்கத்துல இடம். கண்ல ஏதாவது தெறிச்சா கசக்கக்கூடாது, இமைய விரிச்சு பிடிச்சு ஓடுற தண்ணில 15 நிமிஷம் கழுவிட்டு டாக்டர்கிட்ட போகணும். சூடு பட்டா ஓடுற குழாய் தண்ணில 20 நிமிஷம், ஐஸ் வைக்காதீங்க, டூத்பேஸ்ட் தடவாதீங்க.

மாமியார் விஷயம். அவங்க பயந்தது நியாயம்மா, பேத்தி கண்ணு ஒரு விரல்கடை தூரத்துல தப்பிச்சிருக்கு. அவங்கள சமாதானப்படுத்துறேன்னு லெக்சர் எடுக்காதீங்க. அந்த பலூன் எக்ஸ்பெரிமென்ட்ட அவங்க எதிர்ல வச்சு பண்ணுங்க, அதுக்கு முன்னாடி பொண்ண பாட்டி பக்கத்துல உக்காந்து அன்னைக்கு கார்க் ஏன் அடிச்சுச்சு, இன்னைக்கு ஏன் அடிக்காதுன்னு அவ வாயாலயே சொல்ல சொல்லுங்க. மூணாவது பலூன் எவ்வளவு பெருசா வரும்னு பாட்டியும் ஒரு நம்பர் சொல்லட்டும், நோட்ல அவங்க பேரையும் எழுதிக்கோங்க. யாரோட நம்பர் கிட்ட வந்துச்சு, மூணாவது ஏன் அங்கயே நின்னுடுச்சுன்னு உங்க பொண்ணு என்ன சொன்னான்னு எனக்கு எழுதுங்க, அவ சொன்னது தப்பா இருந்தாலும் திருத்தாம அப்படியே எழுதுங்க.